1905ஆம் ஆண்டுக் கொரிய – ஜப்பானிய உடன்படிக்கையும் பன்னாட்டுச் சட்டத்தில் அரசின் இசைவும்

ஆய்வுச் சுருக்கம்

ஓர் உடன்படிக்கை, அதனை ஏற்கும் அரசின் இசைவினாலேயே அவ்வரசைப் பிணிக்கிறது என்பது பன்னாட்டு உடன்படிக்கைச் சட்டத்தின் அடிப்படை. அவ்விசைவை அரசின் சார்பில் வழங்கத் தக்கவர் யார், அஃது எவ்வடிவில் வழங்கப்பட வேண்டும், அச்சுறுத்திப் பெற்ற இசைவு செல்லுமா என்னும் மூன்று வினாக்களையும் ஒருசேர எழுப்பியது 1905 நவம்பரில் சியோல் நகரில் உருவான கொரிய – ஜப்பானிய உடன்படிக்கை. அது தோன்றிய சூழல், அதன் செல்லுபடி பற்றிய வாதங்கள், பிற்காலச் சட்ட வளர்ச்சியில் அதற்குரிய இடம் ஆகியவற்றை இக்கட்டுரை ஆராய்கிறது. இசைவில் குறை உண்டு என்று முறையிடும் வாய்ப்பும் இசைவுரிமையின் பகுதியே என்பதும், கொரியாவிடமிருந்து அவ்வாய்ப்பை அவ்வுடன்படிக்கையே பறித்தது என்பதும் இக்கட்டுரையின் முடிபு.

திறவுச்சொற்கள்: அரசின் இசைவு, இறைமை, ஏற்புறுதி, வற்புறுத்தல், மூன்றாம் நாடு, கொரியா, வியன்னா ஒப்பந்தம்.

முன்னுரை

உள்நாட்டில் சட்டம் இயற்ற ஓர் அவை உண்டு. அச்சட்டத்தை விரும்பாதவரையும் அது கட்டுப்படுத்தும். நாடுகளுக்கு மேல் அத்தகைய அவை இல்லை. ஆகவே ஓர் அரசு தானே இசைந்து ஏற்ற கடமைகளே அதனைக் கட்டுப்படுத்தும் என்னும் கொள்கை, பன்னாட்டு உறவில் சட்டமியற்றும் அவையின் இடத்தை நிரப்புகிறது. 1923ஆம் ஆண்டு விம்பிள்டன் கப்பல் வழக்கில் நிலையான பன்னாட்டு நீதிமன்றம் இதனை விளக்கியது. ஓர் உடன்படிக்கையால் தன்னைக் கட்டுப்படுத்திக்கொள்ளும் அரசு இறைமையை இழப்பதில்லை. உடன்படிக்கை செய்துகொள்ளும் ஆற்றலே இறைமையின் ஒரு கூறு என்பது அந்நீதிமன்றத்தின் கருத்து.

இக்கொள்கை சமநிலையில் உள்ள அரசுகளிடையே சிக்கலின்றிப் பொருந்தும். ஒரு தரப்பின் படை மறுதரப்பின் தலைநகரில் நிற்கும்போது அதன் பொருள் என்ன? இவ்வினாவைக் கருத்தளவில் ஆராய்வதைவிட ஒரு வரலாற்று நிகழ்வின்வழி ஆராய்வது தெளிவு தரும்.

கொரியாவின் உடன்படிக்கை அனுபவம்

கொரியா நவீன முறையிலான உடன்படிக்கை உறவுக்குள் வந்ததே அழுத்தத்தின் கீழ்தான். 1876இல் ஜப்பானியப் போர்க்கப்பல்களின் முன்னிலையில் காங்ஹ்வா உடன்படிக்கை கையெழுத்தானது. அதன் முதற்பிரிவு, கொரியா தன்னாட்சி உடைய நாடு என்றும் ஜப்பானுக்கு நிகரான உரிமைகள் கொண்டது என்றும் கூறியது. சீனப் பேரரசின் மேலாண்மையிலிருந்து கொரியாவைப் பிரிப்பதே அந்த வாசகத்தின் உள்நோக்கம் என்பர் வரலாற்றாசிரியர். 1882இல் அமெரிக்க ஐக்கிய நாடுகளுடன் கொரியா ஓர் உடன்படிக்கை செய்துகொண்டது. பிற வல்லரசுகள் ஒரு தரப்பினை அநீதியாக நடத்தினால் மறுதரப்பு நல்லெண்ண முயற்சி மேற்கொள்ளும் என்று அதன் முதற்பிரிவு உறுதி கூறியது. கொரிய அரசவை இவ்வாசகத்தின் மீது பெரும் நம்பிக்கை வைத்திருந்தது. 1895இன் ஷிமோனோசெகி உடன்படிக்கையில் சீனாவும் கொரியாவின் முழு விடுதலையை ஏற்றது.

1897இல் கோஜோங் மன்னர் தம்மைப் பேரரசர் என அறிவித்தார். 1899இல் வெளியிடப்பட்ட கொரியப் பேரரசின் அடிப்படைச் சட்டம், தூதர்களை அனுப்பவும் போர் அறிவிக்கவும் அமைதி காணவும் உடன்படிக்கை செய்யவும் உரிய அதிகாரத்தைப் பேரரசரிடமே வைத்தது. கொரிய அரசின் இசைவை வழங்கத் தக்கவர் யார் என்பதற்கு அந்நாட்டின் சொந்தச் சட்டம் தந்த விடை இது. பின்னெழுந்த வாதங்களில் இதன் எடை மிகுதி.

கொரியாவைக் கேளாமல் நிகழ்ந்த இசைவுகள்

1904 தொடக்கத்தில் ரஷ்ய – ஜப்பானியப் போர் மூளும் நிலையில் கொரியா நடுநிலை அறிவித்தது. பிப்ரவரியில் ஜப்பானியப் படை இஞ்சியோனில் இறங்கிச் சியோலுக்குள் நுழைந்தது. அம்மாதம் 23ஆம் நாள் கையெழுத்தான வரைவேட்டில், கொரியாவின் விடுதலைக்கும் நிலப்பரப்பின் முழுமைக்கும் ஜப்பான் உறுதி அளித்தது. அதே ஏட்டில், போர்த்தேவைக்கான இடங்களைக் கைக்கொள்ளும் உரிமையையும் அது பெற்றது. ஆகஸ்ட் மாத ஒப்பந்தம், நிதித்துறைக்கு ஜப்பானிய ஆலோசகர் ஒருவரையும் வெளியுறவுக்கு ஜப்பான் பரிந்துரைக்கும் அயல்நாட்டவர் ஒருவரையும் அமர்த்தவும், பிற நாடுகளுடன் உடன்படிக்கை செய்யுமுன் ஜப்பானைக் கலந்தறியவும் கொரியாவைக் கட்டாயப்படுத்தியது.

அடுத்த ஆண்டில் கொரியாவின் நிலை கொரியர் இல்லாத மூன்று இடங்களில் தீர்மானிக்கப்பட்டது. ஜூலை மாதம் டோக்கியோவில் அமெரிக்கப் போர்த்துறைச் செயலர் டாஃப்டும் ஜப்பானியப் பிரதமர் கத்சுராவும் நடத்திய உரையாடலில், கொரியா மீதான ஜப்பானின் மேலாண்மையும் பிலிப்பைன்ஸ் மீதான அமெரிக்க ஆட்சியும் பேசப்பட்டன. ஆகஸ்ட் 12இல் புதுப்பிக்கப்பட்ட ஆங்கில – ஜப்பானியக் கூட்டுறவு உடன்படிக்கையின் மூன்றாம் பிரிவில், கொரியாவில் வழிகாட்டல், கட்டுப்பாடு, பாதுகாப்பு ஆகியவற்றுக்கான நடவடிக்கைகளை எடுக்கும் ஜப்பானின் உரிமையைப் பிரிட்டன் ஏற்றது. நான்காம் பிரிவில், இந்திய எல்லையை அடுத்துத் தன் இந்திய உடைமைகளைக் காக்கப் பிரிட்டன் எடுக்கும் நடவடிக்கைகளை ஜப்பான் ஏற்றது. கொரியரும் இந்தியரும் ஒரே ஏட்டின் அடுத்தடுத்த பிரிவுகளில் பேசப்பட்டனர். இருவரிடமும் யாரும் இசைவு கேட்கவில்லை. செப்டம்பர் 5இல் போர்ட்ஸ்மத் உடன்படிக்கையின் இரண்டாம் பிரிவில் ரஷ்யாவும் கொரியாவில் ஜப்பானின் மேலோங்கிய நலன்களை ஒப்புக்கொண்டது.

ஓர் உடன்படிக்கை அதில் சேராத மூன்றாம் நாட்டுக்கு அதன் இசைவின்றிக் கடமைகளையோ உரிமைகளையோ உருவாக்காது என்பது பழைய கோட்பாடு. அக்கோட்பாட்டின்படி மேற்கண்ட மூன்றும் கொரியாவைச் சட்ட அளவில் பிணிக்கவில்லை. ஆயினும் கொரியா யாரிடம் சென்று முறையிட முடியுமோ அவர்கள் அனைவரையும் அவை முன்கூட்டியே வாய்மூடச் செய்தன.

நவம்பர் 17: இசைவு பெறப்பட்ட விதம்

1905 நவம்பர் தொடக்கத்தில் இதோ ஹிரோபுமி ஜப்பானியப் பேரரசரின் சிறப்புத் தூதராகச் சியோல் வந்தார். 15ஆம் நாள் கோஜோங் பேரரசரைச் சந்தித்து வரைவை ஏற்குமாறு பல மணிநேரம் வற்புறுத்தினார். 17ஆம் நாள் அரண்மனை வளாகத்தில் அமைச்சர்கள் கூடினர். வெளியே ஜப்பானியப் படையினர் நின்றனர். படைத்தலைவர் ஹசெகவாவுடன் இதோ அங்கு வந்து, அமைச்சர்களை ஒவ்வொருவராக வினவி, ஏற்பாரையும் மறுப்பாரையும் எண்ணினார். தலைமை அமைச்சர் பொறுப்பிலிருந்த ஹான் க்யு-சோல் உறுதியாக மறுத்தார். அவர் அவ்விடத்திலிருந்து அகற்றப்பட்டுத் தனியறையில் வைக்கப்பட்டார். ஐந்து அமைச்சர்கள் இசைந்ததாகக் கொள்ளப்பட்டது. நள்ளிரவுக்குப் பின் வெளியுறவு அமைச்சர் பாக் ஜே-சுன், ஜப்பானியத் தூதர் ஹயாஷி கொன்சுகே ஆகியோரின் பெயரால் ஏட்டில் முத்திரை இடப்பட்டது.

உடன்படிக்கை ஐந்து பிரிவுகளைக் கொண்டது. கொரியாவின் வெளியுறவை ஜப்பானிய வெளியுறவுத் துறை நடத்தும் என்றது முதற்பிரிவு. இனிமேல் ஜப்பானிய அரசின் வழியாக அன்றிப் பன்னாட்டுத் தன்மை வாய்ந்த எந்த ஒப்பந்தத்தையும் கொரிய அரசு செய்யலாகாது என்றது இரண்டாம் பிரிவு. சியோலில் ஜப்பானியப் பொது ஆளுநர் ஒருவர் அமர்வார் என்றது மூன்றாம் பிரிவு.

இரண்டாம் பிரிவே இக்கட்டுரைக்கு முதன்மையானது. பிற உடன்படிக்கைகள் ஒரு பொருளைப் பற்றி இசைவைப் பெறுகின்றன. இவ்வுடன்படிக்கையோ இனி இசையும் ஆற்றலையே பெற்றுக்கொண்டது. அதன்பின் எழும் எந்தத் தகராற்றிலும் கொரியா தன் குரலில் பேச முடியாது. அத்தகராறு இவ்வுடன்படிக்கையைப் பற்றியதாக இருப்பினும் நிலைமை மாறாது.

செல்லுபடி பற்றிய மூன்று வாதங்கள்

முதல் வாதம் வற்புறுத்தல் பற்றியது. 19ஆம் நூற்றாண்டின் சட்ட அறிஞர் ஒரு வேறுபாட்டைக் கடைப்பிடித்தனர். அரசின் மீது படைவலிமையால் கொண்டுவரப்படும் அழுத்தம் உடன்படிக்கையைக் கெடுக்காது. அவ்வாறு கெடுக்கும் எனில் போருக்குப் பிந்தைய அமைதி உடன்படிக்கை எதுவும் நிலைக்காது என்பது அவர்கள் காட்டிய காரணம். ஆனால் அரசின் சார்பில் கையெழுத்திடும் ஆளையே அச்சுறுத்தினால் அவ்விசைவு செல்லாது. கையெழுத்து அரசின் விருப்பத்தைக் காட்டும் அடையாளம். அச்சத்தால் இடப்பட்டது எனில் அஃது எவர் விருப்பத்தையும் காட்டுவதில்லை. இவ்வேறுபாட்டைக் கொண்டே பிரெஞ்சுச் சட்ட அறிஞர் ஃபிரான்சிஸ் ரே 1906இல் கொரிய உடன்படிக்கை செல்லாது என எழுதினார். ஆட்பேர்களின் மீதான அச்சுறுத்தலோடு, கொரியாவின் விடுதலைக்கு ஜப்பான் முன்பு அளித்த உறுதியையும் அவர் காரணமாகக் காட்டினார்.

இரண்டாம் வாதம் அதிகாரம் பற்றியது. ஜப்பானியத் தரப்பின் பதிவுகள், பேரரசரே அமைச்சர்களிடம் பேசி முடிக்கச் சொன்னதாகக் கூறுகின்றன. பேரரசரின் கடிதங்கள் அதனை மறுக்கின்றன. 1906 ஜூன் 22ஆம் நாளிட்டு ஒன்பது நாடுகளின் தலைவர்களுக்கு அவர் எழுதிய கடிதம் பிற்காலத்தில் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் கண்டெடுக்கப்பட்டது. கையெழுத்து அச்சுறுத்தலால் பெறப்பட்டது என்றும், தாம் அதற்கு அதிகாரம் வழங்கவில்லை என்றும், அமைச்சரவைக் கூட்டமே முறையற்றது என்றும் அக்கடிதம் எடுத்துரைக்கிறது. 1899ஆம் ஆண்டுச் சட்டத்தை இதனோடு இணைத்து நோக்கினால், அமைச்சர்களின் பெரும்பான்மையை எண்ணி அரசின் இசைவைக் கண்டறிந்த இதோவின் முறை கொரியச் சட்டத்தில் இடமற்ற ஒன்று என்பது புலப்படும்.

மூன்றாம் வாதம் வடிவம் பற்றியது. கொரிய வரலாற்றாசிரியர் யி தே-ஜின், மூல ஏட்டில் உடன்படிக்கையின் தலைப்புக்குரிய இடம் வெறுமையாக இருப்பதையும், கையெழுத்திட்டோருக்கு வழங்கப்படும் முழு அதிகாரப் பத்திரமும் பேரரசரின் ஏற்புறுதியும் இல்லாமையையும் சுட்டினார். கையெழுத்தான உடன்படிக்கையை அரசின் தலைமை பின்னர் ஆராய்ந்து உறுதிசெய்வதே ஏற்புறுதி. இதற்கு மறுப்பும் உண்டு. ஏற்புறுதி இன்றிக் கையெழுத்து ஒன்றினாலேயே பிணிக்கும் ஒப்பந்தங்கள் அக்காலத்தில் வழக்கில் இருந்தன. ஜப்பானியத் தரப்பிலும் இவ்வுடன்படிக்கைக்குத் தனி ஏற்புறுதி இல்லை. ஜப்பானிய வரலாற்றாசிரியர் உன்னோ ஃபுகுஜு, இவ்வுடன்படிக்கை நேர்மையற்றது, ஆயினும் அக்காலச் சட்டப்படி செல்லத்தக்கது என்று வாதிட்டார்.

இம்மூன்றனுள் வடிவம் பற்றிய வாதமே வலுக்குறைந்தது. அதனை மட்டும் முன்வைத்தால், ஜப்பான் ஏற்புறுதியையும் அச்சுறுத்திப் பெற்றிருந்தால் உடன்படிக்கை செல்லும் என்று ஆகிவிடும். வற்புறுத்தலும் அதிகாரமின்மையும் சேர்ந்த வாதம் அத்தகையதன்று. பேரரசரிடம் பெற முடியாததை அமைச்சர்களிடம் பெற்றமையும், அமைச்சர்களிடம் அதனைப் படையைக் காட்டிப் பெற்றமையும் ஒரே செயலின் இரு பக்கங்கள். அரசின் மீதான அழுத்தம், ஆளின் மீதான அச்சுறுத்தல் என்னும் பழைய வேறுபாடு அந்த அறையில் பொருளிழந்தது.

ஹேக் நகரில் மூடிய கதவு

அமெரிக்க அரசு 1905 நவம்பர் இறுதிக்குள்ளாகவே சியோலிலிருந்த தன் தூதரகத்தை மூட முடிவு செய்தது. 1882இன் நல்லெண்ண வாசகம் பயன்படவில்லை. பேரரசரின் கடிதத்தோடு வாஷிங்டன் சென்ற ஹோமர் ஹல்பர்ட்டுக்கு உரிய காலத்தில் செவிசாய்ப்பார் இல்லை.

1907 ஜூன் மாதம் ஹேக் நகரில் இரண்டாம் அமைதி மாநாடு தொடங்கியது. கோஜோங் மறைவாக அனுப்பிய யி சாங்-சோல், யி ஜுன், யி வி-ஜோங் ஆகிய மூவரும் அங்கு சென்றனர். மாநாட்டில் அவர்களுக்கு இடம் மறுக்கப்பட்டது. கொரியாவின் வெளியுறவு ஜப்பானின் கையில் உள்ளது என்பதே சொல்லப்பட்ட காரணம். உடன்படிக்கை செல்லாது எனக் கூற வந்தவர்களை, அதே உடன்படிக்கையைக் காட்டியே பேசவிடாமல் தடுத்தனர். யி வி-ஜோங் செய்தியாளர் கூட்டத்தில் தம் நாட்டின் வழக்கை எடுத்துரைத்தார். யி ஜுன் ஜூலை 14ஆம் நாள் அந்நகரிலேயே இறந்தார். தூதுக்குழுவை அனுப்பியதையே குற்றமாக்கி, அம்மாதத்திலேயே கோஜோங் அரியணையிலிருந்து இறக்கப்பட்டார். 1910 ஆகஸ்ட் 22இல் யி வான்-யோங்கும் தெராவுச்சி மசதாகேவும் இணைப்பு உடன்படிக்கையில் கையெழுத்திட்டனர். கொரிய அரசு மறைந்தது.

1905இன் இசைவில் இருந்த குறையை நிரப்பியது கொரியாவின் பிற்கால ஏற்பன்று; பிற அரசுகளின் ஏற்பே ஆகும். மூன்றாம் நாட்டைப் பிணிக்காது என்ற கோட்பாடு, மூன்றாம் நாடுகளின் அங்கீகாரத்தின் முன் செயலற்றுப் போனது.

சட்டத்தின் மாற்றம்

1928இன் பாரிஸ் உடன்படிக்கை போரைத் தேசியக் கொள்கையின் கருவியாகக் கொள்வதைத் துறந்தது. 1945இன் ஐக்கிய நாடுகள் சாசனம் படைவலிமையைப் பயன்படுத்துவதையும் அவ்வாறு அச்சுறுத்துவதையும் தடை செய்தது. இடையில் 1935இல் ஹார்வர்டு சட்ட அறிஞர் குழு உடன்படிக்கைச் சட்டத்துக்கு ஒரு வரைவை உருவாக்கியது. அதன் விளக்கவுரையில், ஆட்களை அச்சுறுத்திப் பெற்ற இசைவுக்கு எடுத்துக்காட்டுகளாக 1773இல் போலந்து நாடாளுமன்றம் சூழப்பட்டதும் 1905இன் கொரிய நிகழ்வும் இடம்பெற்றன. ஹேக்கில் உள்ளே விடப்படாத வழக்கு, 28 ஆண்டுகளுக்குப் பின் பாடநூல் சான்றாக ஏற்கப்பட்டது.

1969இன் வியன்னா ஒப்பந்தம் இவ்வளர்ச்சியைச் சட்டமாக்கியது. ஆட்பேரை அச்சுறுத்திப் பெற்ற இசைவுக்குச் சட்ட விளைவே இல்லை என்கிறது 51ஆம் உறுப்பு. சாசனத்துக்கு மாறான படைவலிமையாலோ அதன் அச்சுறுத்தலாலோ பெறப்பட்ட உடன்படிக்கை வெறுமையானது என்கிறது 52ஆம் உறுப்பு. அரசின் மீதான அழுத்தம் செல்லும் என்ற 19ஆம் நூற்றாண்டு நிலை இதனால் முடிவுக்கு வந்தது. 45ஆம் உறுப்பு மற்றொரு நுட்பம் உடையது. பிழை, ஏமாற்று போன்ற குறைகளை அறிந்த பின்னும் உடன்படிக்கையை ஏற்று நடந்துகொண்ட அரசு பின்னர் அவற்றைக் கிளப்ப முடியாது என அது கூறுகிறது. ஆனால் வற்புறுத்தலை அவ்வரிசையில் சேர்க்கவில்லை. அச்சத்தால் இசைந்தவரின் மௌனத்தை இசைவாகக் கொள்ளலாகாது என்பதே இதன் உட்கருத்து.

எனினும் 4ஆம் உறுப்பு, ஒப்பந்தம் நடைமுறைக்கு வருமுன் முடிந்த உடன்படிக்கைகளுக்கு அது பொருந்தாது என வரையறுக்கிறது. ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்தது 1980இல். 1905ஐ 1905இன் சட்டத்தால்தான் அளக்க வேண்டும். அவ்வாறு அளப்பினும், ஆளை அச்சுறுத்துவது அன்றும் குறையே ஆதலின், கொரியாவின் வழக்கு 52ஆம் உறுப்பை நாடாமலே நிற்கக்கூடியது.

'ஏற்கெனவே' என்னும் சொல்

விடுதலைக்குப் பின் கொரியக் குடியரசும் ஜப்பானும் 1965 ஜூன் 22இல் அடிப்படை உறவுகள் பற்றிய உடன்படிக்கையில் கையெழுத்திட்டன. 1910 ஆகஸ்ட் 22 வரை இரு பேரரசுகளிடையே முடிந்த உடன்படிக்கைகள் அனைத்தும் ஏற்கெனவே வெறுமையானவை என்பதை அதன் இரண்டாம் பிரிவு உறுதிசெய்கிறது. எப்போதிலிருந்து வெறுமை என்பதை அது கூறவில்லை. கொரிய மொழி மூலத்தில் 'இமி' என்ற சொல் 'முன்பே' என்று பொருள்படும். தொடக்கத்திலிருந்தே செல்லாதவை என்று கொரியா விளக்கியது. ஜப்பானிய மூலத்தில் 'மொஹாயா' என்ற சொல் 'இனியும் இல்லை' என்னும் சாயல் உடையது. ஒரு காலத்தில் செல்லுபடியாகிப் பின்னர் செயலிழந்தவை என்று ஜப்பான் விளக்கியது. பொருள் வேறுபட்டால் ஆங்கில மூலமே மேலோங்கும் என இரு தரப்பும் ஒத்துக்கொண்டன. அம்மூலமும் இரு விளக்கங்களுக்கும் இடந்தருகிறது. 1905இன் இசைவு உண்மையானதா என்ற வினாவுக்கு விடை காணாமலே இரு அரசுகளும் அவ்வினாவைக் கடக்க இசைந்தன.

இதனை மொழிச் சிக்கலாக மட்டும் கருதலாகாது. ஆட்சி தொடக்கத்திலிருந்தே சட்டத்துக்குப் புறம்பானது எனில், அதன் கீழ் நிகழ்ந்த கட்டாய உழைப்புக்கும் பிற கொடுமைகளுக்கும் பொறுப்பு வேறாகும். 2018இல் கொரிய உச்ச நீதிமன்றம் கட்டாய உழைப்பு வழக்கில் சட்டத்துக்குப் புறம்பான குடியேற்ற ஆட்சியை அடிப்படையாகக் கொண்டே இழப்பீட்டு உரிமையை ஏற்றது. ஜப்பானிய அரசு அத்தீர்ப்பை ஏற்கவில்லை.

முடிவுரை

1905ஆம் ஆண்டு உடன்படிக்கையில் இசைவின் புற அடையாளங்கள் பல இருந்தன: கூட்டம், வினா, விடை, முத்திரை. அரசின் விருப்பம் மட்டும் இல்லை. ஏற்புறுதி, முழு அதிகாரம், கையெழுத்து ஆகிய வடிவங்கள் விருப்பத்தைக் காட்டுதற்கு உருவானவை; விருப்பம் இல்லாத இடத்தில் அதனை அவை உருவாக்கமாட்டா. பிற்காலச் சட்டம் இதனை ஏற்று, அச்சுறுத்திப் பெற்ற இசைவை வெறுமையாக்கியது.

ஆயினும் கொரியாவின் வரலாறு அதற்கு அப்பாலும் ஒன்றை உணர்த்துகிறது. குறைபட்ட இசைவை மறுக்க ஓர் அரங்கு வேண்டும். அவ்வரங்கில் மறுப்பவர் அரசாக ஏற்கப்பட வேண்டும். ஹேக்கில் கொரியாவுக்கு இவ்விரண்டும் கிட்டவில்லை. வியன்னா ஒப்பந்தத்தின் 51, 52ஆம் உறுப்புகள் எழுத்தளவில் முழுமையானவை. அவற்றைக் கொண்டு முறையிடும் நாட்டுக்குப் பிற நாடுகள் செவிகொடுக்கும் அளவுக்கே அவற்றின் பயன் அமையும்.